ஒளிப்பதிவாளர் ஒருவரோடு பாண்டியும் கடலூரும்

ஜனவரி 20, செவ்வாய், புதுச்சேரி

நாங்கள் உருவாக்கிக்கொண்டிருக்கும் அனிமேஷன் படத்தின் கதை, பாதி புதுச்சேரியின் பிரெஞ்சுத் தெருக்களிலும் மீதி கடலூர்த் துறைமுகத்திலும் நடக்கிறது. கணினியில் எழுப்பிய வீடுகளும் படகுகளும் ஓரளவு தயாராகிவிட்டன. ஆனால் அவற்றின் மேல் விழும் வெயிலைப் பார்த்தால் எந்த ஊர் வெயில் என்றே தெரியவில்லை என்று எங்கள் படத்துக்குக் காட்சி ஆலோசகராக வந்திருக்கும் மூத்த ஒளிப்பதிவாளர் குறைப்பட்டுக்கொண்டார். அவர் வற்புறுத்தியதால் அமைந்ததுதான் இந்தப் பயணம். லைட்டிங் பிரிவிலிருந்து நானும், காட்சிகளில் கேமராவின் இடத்தை அமைக்கும் லேஅவுட் பிரிவிலிருந்து ஓர் இளைஞரும் உடன் வந்திருக்கிறோம். தம் பெயரைப் போட வேண்டாம் என்று ஒளிப்பதிவாளர் கேட்டுக்கொண்டதால், இந்தக் குறிப்புகளில் அவர் வெறும் சார்.

சார் தரமணித் திரைப்படக் கல்லூரியில் படித்தவர். நானூறு அடி ஃபிலிம் சுருள் நாலரை நிமிடத்தில் தீர்ந்துவிடும் என்ற கணக்கிலேயே வளர்ந்தவர் என்பதால், இன்றும் கைப்பேசியில் ஒரு படம் எடுப்பதற்குள் மூன்று முறை யோசிக்கிறார். தமிழிலும் மலையாளத்திலும் படங்கள் செய்துகொண்டிருந்தவர் அனிமேஷன் பக்கம் திரும்பியதற்கு ஒரு கோபம்தான் காரணமாம். கணினியில் பிற்பாடு சேர்க்கப்படவிருந்த ஒரு விலங்கோடு கதாநாயகன் மோதும் காட்சிக்காக, பின்னணியைப் பிறகு கணினியில் மாற்றுவதற்கென்று கட்டும் பச்சைத் துணிக்கு முன்னால் பல நாள் விளக்குப் போட்டிருக்கிறார். படம் வெளியானபோது நாயகன் மேல் வெளிச்சம் இடப்பக்கத்திலிருந்தும், விலங்கின் மேல் வலப்பக்கத்திலிருந்தும் விழுந்துகொண்டிருந்தது. யார் இதைச் செய்தது என்று கேட்டுக்கொண்டு ஓர் ஸ்டுடியோவுக்குப் போனவர், அங்கிருந்த இளைஞர்களிடம் தம் விளக்குகளின் இடத்தை யாருமே குறித்துக் கொடுக்கவில்லை என்பதைத் தெரிந்துகொண்டு, கோபம் தணிந்து மாலை வரை அங்கேயே உட்கார்ந்திருக்கிறார். அதன்பிறகு இரண்டு தொழிலிலும் மாறி மாறி வேலை செய்துவருகிறார்.

நேரு வீதி இந்தியன் காபி ஹவுஸில் மாலைச் சிற்றுண்டி. மூவருக்கும் கட்லெட்டும் ஆம்லெட்டும் காபியும் சேர்ந்து முந்நூறு ரூபாய்க்குள் முடிந்தது. பரிமாறியவர் எங்கள் மேசையில் கிடந்த கருவிப் பைகளைப் பார்த்துவிட்டு, சுவரோரமாக இருந்த பெரிய மேசைக்கு மாறி உட்காரும்படி தாமாகவே சொன்னார். சார் ஒரு தேக்கரண்டியை எடுத்து அதன் குழிவில்லாத பக்கத்தை முகத்துக்கு நேராகப் பிடித்து, கூடத்தில் எத்தனை குழல்விளக்கு, எத்தனை சன்னல், வாசல் எவ்வளவு பிரகாசம் என்று எங்களுக்கு ஒப்பித்துக் காட்டினார். நாங்கள் பயன்படுத்தும், கண்ணாடிபோல் பளபளக்கும் குரோம் பந்தின் தத்துவமும் இதுதான். ஓர் இடத்தின் சுற்றுப்புறம் முழுவதும் அந்தப் பந்தில் பிரதிபலிக்கும். அதைக் குறைந்த ஒளியிலிருந்து மிகுந்த ஒளி வரை வெவ்வேறு அளவுகளில் படமெடுத்துச் சேர்த்தால், அந்த இடத்தின் வெளிச்சத்தையே கணினிக்குள் கொண்டுபோய் ஒரு பொம்மையின் மேல் போடலாம். கணினி வரைகலை ஆய்வாளர் பால் டெபவெக் இதை 1998-இல் ஒரு கட்டுரையாக எழுதினார். சார் கல்லூரி விடுதியின் சாப்பாட்டு மேசையிலேயே கற்றுக்கொண்டதாகச் சொல்கிறார்.

ஜனவரி 21, புதன், புதுச்சேரி

விடியுமுன் கடற்கரைச் சாலைக்குப் போய்விட்டோம். மாலை ஆறிலிருந்து காலை ஏழரை வரை அங்கே வண்டிகளுக்கு அனுமதி இல்லை என்பதால் நடப்பவர்களின் ராஜ்யமாக இருந்தது. குடியரசு தின அணிவகுப்புக்காகப் பந்தல் போடும் வேலையும் ஒருபுறம் நடந்துகொண்டிருந்தது. குளிர் என்று சொல்ல முடியாது. ஆனாலும் காதை மூடிக் குல்லாய் போட்டவர்கள்தான் அதிகம். தேநீர் பதினைந்து ரூபாய்.

சூரியன் ஆறரை மணியளவில் கடலுக்கு மேலே வந்தது. ஜனவரியில் அது நேர்கிழக்கில் எழுவதில்லை, தென்கிழக்கில் நன்றாக ஒதுங்கியே எழுகிறது. எங்கள் படத்தின் தொடக்கக் காட்சியில் சூரியன் தெருவின் நடுவே நேராக நிற்பதைச் சுட்டிக்காட்டிய சார், கதை பொங்கலை ஒட்டி நடக்கிறதா, பங்குனியில் நடக்கிறதா என்று இயக்குநரிடம் கேட்டுச் சொல்லும்படி என்னிடம் கூறினார். பங்குனி என்றால் சரிதானாம்.

அங்கேயே அமெரிக்க ஒளிப்பதிவாளர் காலெப் டெஷனெல் பற்றிப் பேச்சு வந்தது. 'தி பிளாக் ஸ்டாலியன்' (1979), 'தி ரைட் ஸ்டஃப்' (1983) போன்ற படங்களில் மண்ணையும் வானத்தையும் பிடித்தவர், 2019-இல் வந்த 'தி லயன் கிங்' படத்துக்கு லாஸ் ஏஞ்சலஸில் ஒரு கூடத்துக்குள்ளேயே ஒளிப்பதிவு செய்தார். கண்ணுக்கு முன்னால் கணினி உருவாக்கிய ஆப்பிரிக்கா. கைக்கு, கேமராவை வைத்துத் தள்ளும் நிஜமான டிராலியும் கிரேனும். கருவியை அவர் தள்ளத் தள்ள, இல்லாத கேமரா இல்லாத புல்வெளியில் நகர்ந்தது. கணினியே கேமராவைத் தடுமாற்றமின்றி நகர்த்தும்போது எதற்கு டிராலி என்று எங்கள் இளைஞர் கேட்டார். அந்தத் தடுமாற்றத்துக்காகத்தான் என்றார் சார். தள்ளுபவர் ஒரு நொடி தாமதித்துத் தொடங்குவதும், நிறுத்தும்போது சற்று மிஞ்சிப் போய் நிற்பதும் பார்வையாளருக்குத் தெரியாமலேயே அங்கே ஒரு மனிதர் இருக்கிறார் என்று சொல்லிவிடுகின்றன. அந்தப் படத்தில் உண்மையான கேமராவால் எடுத்த காட்சி ஒன்றே ஒன்றுதான், அது தொடக்கத்தில் வரும் சூரிய உதயம்.

இவ்வளவு பேசி முடிப்பதற்குள் காற்றில் குரோம் பந்து தாங்கியிலிருந்து கழன்று, தடுப்புச் சுவரைத் தாண்டிக் கருங்கற்களுக்கிடையே உருண்டுவிட்டது. நடைப்பயிற்சிக்கு வந்திருந்த ஒரு பெரியவர் செருப்பைக் கழற்றிவிட்டு இறங்கத் தயாரானார். அவரைத் தடுத்து நிறுத்துவதற்குள் இரண்டு பையன்கள் அதை எடுத்துவந்து, அதில் தங்கள் முகம் வீங்கித் தெரிவதைப் பார்த்துச் சிரித்துக்கொண்டிருந்தார்கள். பந்தில் இரண்டு கீறல்கள். பிறகு சிவப்புத் தொப்பி அணிந்த காவலர் ஒருவர் வந்து, முக்காலி வைப்பதற்கு அனுமதி உண்டா என்று பணிவாகவே விசாரித்தார். கடிதத்தைக் காட்டியதும் போய்விட்டார். ஆனால் எடுத்த படங்களில் ஒன்றில் அந்தத் தொப்பியின் சிவப்பு பந்தின் ஓரத்தில் ஒரு புள்ளியாக விழுந்திருக்கிறது. நான் அழித்துவிடலாம் என்றேன். சார் வேண்டாம் என்றார். சிவப்பு எதுவும் இல்லாத புதுச்சேரிக் கடற்கரை எப்படி இருக்க முடியும் என்பது அவர் வாதம்.

பதினோரு மணிக்கு டூமா தெருவுக்கும் அதை அடுத்த தெருக்களுக்கும் போனோம். வீட்டுக்கு வீடு திருமணத்துக்கு முந்தைய புகைப்படம் எடுக்கும் இணைகள். ஒரு மஞ்சள் சுவருக்கு முன்னால் மூன்று இணைகள் வரிசையில் காத்திருந்தன. ஒரு வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்திருந்த அம்மாள், எங்களையும் அந்தக் கூட்டத்தோடு சேர்த்து எண்ணி, "எடுத்துட்டு சீக்கிரம் நகருங்கம்மா, வாசல்ல கோலம் இருக்கு" என்றார். நாங்கள் எடுக்கவந்தது சுவரின் நிறத்தை அல்ல, அந்த நிறம் எதிர்ச் சுவரில் போய் விழுவதை என்று சொன்னதும் அவருக்குச் சுவாரசியம் பிறந்து, மதியத்துக்கு மேல் தம் வீட்டு வெள்ளைத் தூண் மஞ்சளாக மாறும் என்று அவரே நேரம் குறித்துக் கொடுத்தார். அவர் சொன்னது போலவே மாறியது.

இந்தத் தெருக்களின் வெளிச்சம் சுவர்களில் பட்டுப் பட்டுத்தான் நிழலுக்குள் வருகிறது. உண்மையான படப்பிடிப்பில் இதைச் செய்வதற்கு லைட்மேன்கள் தெர்மாகோல் பலகைகளைப் பிடித்துக்கொண்டு நிற்பார்கள். கணினியில் சுவரின் நிறத்தையும் சூரியனின் இடத்தையும் சரியாகக் கொடுத்துவிட்டால் ஒளி தானாகவே பட்டுத் தெறிக்கும். ஆனால் எங்களைப் போன்றவர்கள் அதற்குப் பொறுமையின்றி, முகத்துக்கு ஒன்று, தலைமுடி ஓரத்துக்கு ஒன்று, கண்ணுக்கு ஒன்று என்று விளக்குகளை அடுக்கிவிடுகிறோம். மேலும், ஒரு விளக்கை ஒரே ஒரு பாத்திரத்தின் மேல் மட்டும் விழச் செய்து பக்கத்திலிருப்பவரைத் தொடாமல் வைக்கவும் மென்பொருளில் வழி இருக்கிறது. அந்த வசதியைத்தான் சார் முதல் நாளே எனக்குத் தடை செய்தார். அனிமேஷன் வேலையில் எனக்கு மிகவும் பிடித்த வசதி அதுதான் என்பதை இங்கே குறிப்பிட்டாக வேண்டும்.

மதியம் ஒரு மெஸ்ஸில் மீன் குழம்புச் சாப்பாடு, நூற்றைம்பது ரூபாய். சங்கரா வறுவலுக்குத் தனியாக எண்பது. இரவில் அதே தெருவில் ஒரே ஒரு விளக்கின் கீழ் நின்று ஒளிப்பதிவாளர் ரோஜர் டீக்கின்ஸ் பற்றிப் பேசினோம். 'பிளேட் ரன்னர் 2049', '1917' ஆகியவற்றுக்காக ஆஸ்கர் வாங்குவதற்குப் பல வருடங்கள் முன்பே அவர் 'வால்-ஈ' (2008), 'ஹவ் டு டிரெய்ன் யுவர் டிராகன்' (2010), 'ராங்கோ' (2011) ஆகிய அனிமேஷன் படங்களுக்கு ஆலோசகராக இருந்தார். அந்த டிராகன் படத்தில் தீப்பந்தத்துக்குத் தொலைவில் இருப்பவர் இருட்டில்தான் இருக்கிறார். குழந்தைகள் படம் என்றால் மூலை முடுக்கெல்லாம் பளிச்சென்று இருக்க வேண்டும் என்ற பழக்கத்தை அது பெரிதும் உடைத்தது.

ஜனவரி 22, வியாழன், புதுச்சேரி

பகல் முழுவதும் மேகம். தாவரவியல் பூங்காவில் கழிந்தது.

1826-இல் பிரெஞ்சுக்காரர்கள் ஏற்படுத்திய இந்தப் பூங்காதான் 'லைஃப் ஆஃப் பை' படத்தில் பையின் தந்தை நடத்தும் விலங்குக்காட்சிச் சாலையாக வந்தது. 2011 ஜனவரியில், இதே பருவத்தில், இயக்குநர் ஆங் லீயின் குழு இங்கே படம் பிடித்தது. ஒளிப்பதிவாளர் கிளாடியோ மிராண்டா. இங்கே நிஜமான மரங்களுக்கும் நிஜமான மக்களுக்கும் இடையே கேமரா வைத்தவர், அடுத்து தைவானின் தைச்சுங் நகரில் பழைய விமான நிலையம் ஒன்றில் கட்டப்பட்ட பிரம்மாண்டமான அலைத் தொட்டியில், ஒரு படகையும் ஒரு பையனையும் மட்டும் வைத்துக்கொண்டு நடுக்கடலைப் பிடித்தார். படத்தில் அந்தப் பையனோடு படகில் இருக்கும் புலி பெரும்பாலும் கணினியில் பிறந்தது. வானமும் கடலின் விளிம்பும் பிறகு வரையப்பட்டவை. 2013-இல் அவருக்குச் சிறந்த ஒளிப்பதிவுக்கான ஆஸ்கர் கிடைத்தபோது, பாதிப் படம் கணினியில் உருவானது என்றால் அந்தப் பாதிக்கு ஒளிப்பதிவாளர் எப்படி உரிமை கொண்டாடலாம் என்ற கேள்வி திரையுலகில் சத்தமாகவே எழுந்தது.

இந்தக் கேள்வியில் சாருக்கும் எனக்கும் ஒரு மணி நேர விவாதம். 'அவதார்', 'இன்செப்ஷன்', 'ஹ்யூகோ', 'லைஃப் ஆஃப் பை', 'கிராவிட்டி' என்று தொடர்ந்து ஐந்து வருடம் அந்த விருது கணினிக் காட்சிகள் நிறைந்த படங்களுக்கே போனதை நான் நினைவூட்டினேன். புலியின் ஒவ்வொரு மயிருக்கும் ஒளி கொடுத்தவர்கள் யாரோ, மேடை ஏறியவர் ஒருவர் என்பது எனக்கு இன்றும் உறுத்துகிறது. அந்தப் புலியை உருவாக்கிய ரிதம் அண்ட் ஹியூஸ் நிறுவனம், ஆஸ்கர் விழா நடந்த அதே 2013 பிப்ரவரியில் திவால் மனு கொடுத்தது. அதற்கு மும்பையிலும் ஹைதராபாத்திலும் கிளைகள் இருந்தன, நம் ஊர்ப் பிள்ளைகள் நிறைய பேர் அங்கே வேலை செய்தார்கள். விழா அரங்குக்கு வெளியே கலைஞர்கள் போராடிக்கொண்டிருந்தபோது, உள்ளே அந்தப் படத்தின் காட்சி விளைவுகளுக்கும் ஆஸ்கர் வழங்கப்பட்டது.

சார் அந்த அநியாயத்தை மறுக்கவில்லை. ஆனால் தொட்டியில் படகின் மேல் எந்த வானத்தின் வெளிச்சம் விழ வேண்டும் என்று மிராண்டா அன்றே முடிவு செய்யாமல் விட்டிருந்தால், புலிக்கு ஒளி போட உட்கார்ந்தவர்களுக்குத் தொடங்க இடமே இருந்திருக்காது என்றார். தம் பச்சைத் துணிக் காட்சியில் நேர்ந்ததும் அதுவே என்பதால் அவர் சொல்வதில் நியாயம் இருக்கிறது. விருதை இரண்டாகப் பிரித்துக் கொடுக்கலாம் என்ற என் யோசனையை மட்டும் அவர் ஏற்கவில்லை. அமெரிக்க அனிமேஷன் நிறுவனமான பிக்ஸாரின் படங்களில் கேமராவுக்கு ஓர் ஒளிப்பதிவாளர், விளக்குகளுக்கு ஓர் ஒளிப்பதிவாளர் என்று பெயர் போடுகிறார்களே என்றேன். அப்படி விளக்குகளை மட்டும் கவனித்த ஷாரன் கலஹனை அமெரிக்க ஒளிப்பதிவாளர்கள் சங்கம் 2014-இல் உறுப்பினராக்கியது. 'ஃபைண்டிங் நீமோ'வும் 'ராட்டட்டூயி'யும் அவர் வேலை, அவர் வாழ்க்கை முழுவதும் அனிமேஷன்தான். சாருக்கு அந்தத் தகவல் புதிது. இரண்டு முறை பெயரைக் கேட்டுக் குறித்துக்கொண்டார்.

பூங்காவில் நீண்ட நாள் வேலை பார்ப்பவர் ஒருவர், எங்கே புலிக்கூண்டு அமைத்தார்கள் என்று அழைத்துப்போய்க் காட்டினார். படப்பிடிப்பு முடிந்த அதே வருடம், 2011 டிசம்பர் 30 அன்று, தானே புயல் கடலூருக்கும் புதுச்சேரிக்கும் இடையே கரை கடந்து இரண்டு ஊர்களிலும் ஆயிரக்கணக்கான மரங்களைச் சாய்த்தது. அந்தப் படத்தில் தெரியும் நிழல் இப்போது இங்கே இல்லை, பெரிய மரங்கள் போய் வெயில் உள்ளே வந்துவிட்டது என்று அவர் சாதாரணமாகச் சொல்லிக்கொண்டு போனார். சார் கைப்பேசியில் அந்தக் காட்சியைத் தேடி எடுத்து, நின்ற இடத்திலிருந்து ஒப்பிட்டுப் பார்த்தார். புயலால் நிழல் மாறிப்போகும் தொழில் ஒன்றிலும், நாமே சாய்த்தால் ஒழிய ஒரு மரமும் சாயாத தொழில் ஒன்றிலும் மாறி மாறி இருப்பது தமக்குச் சில நாள் குழப்பமாக இருக்கும் என்றார்.

வழிகாட்டியவருக்கு ஐம்பது ரூபாய் கொடுக்கப் போனபோது வாங்க மறுத்துவிட்டார். படத்தில் தெருவில் சைக்கிள் வந்தால், நல்ல சைக்கிளாக வரையும்படி மட்டும் கேட்டுக்கொண்டார்.

ஜனவரி 23, வெள்ளி, கடலூர்

அரியாங்குப்பம், தவளக்குப்பம், கன்னியக்கோவில் என்று நின்று நின்று வந்த பேருந்தில், நிற்கும் நிலையிலேயே இளைஞருக்குப் பாடம் நடந்தது. 'ஹூ ஃப்ரேம்ட் ரோஜர் ராபிட்' (1988) படத்தை ஒளிப்பதிவு செய்த டீன் கண்டி, அதற்கு முன்பு 'ஹாலோவீன்', 'பேக் டு தி ஃப்யூச்சர்' போன்ற படங்களில் வேலை செய்தவர். நிஜ நடிகர்களோடு கார்ட்டூன் பாத்திரங்கள் வரும் காட்சி என்றால் கேமராவை அசைக்காமல் வைப்பதே அதுவரை பொதுவான வழக்கமாக இருந்தது; அந்தப் படத்தில் கேமரா தாராளமாக நகர்ந்தது. ஒரு காட்சியில் தொங்கும் விளக்கில் தலை இடித்து விளக்கு ஆடுகிறது. அது ஆடும் ஒவ்வொரு ஃபிரேமுக்கும் கார்ட்டூன் நாயகனான முயலின் மேல் விழும் நிழலைக் கையால் வரைந்தார்கள். விளக்கை ஆட்டாமல் விட்டிருந்தால் யாரும் குறை சொல்லியிருக்க மாட்டார்கள். நம் பக்கத்தில் 'நான் ஈ' (2012) படத்துக்குச் செந்தில்குமார் செய்ததையும் சார் இதோடு சேர்த்துச் சொன்னார். நாயகனே கணினி ஈ என்பதால், இல்லாத ஒன்றை நடுவில் வைத்து மேசையையும் கோப்பையையும் அதன் உயரத்திலிருந்து பிடிக்க வேண்டியிருந்தது. கிருமாம்பாக்கத்தில் ஏறிய ஒரு கல்லூரி மாணவர் இதையெல்லாம் கேட்டுக்கொண்டே வந்து, கடைசியில் தம் இருக்கையைச் சாருக்குக் கொடுத்தார்.

கடலூரில் வெயில் கொளுத்தியது. மஞ்சக்குப்பத்தில் அறை, இருவர் தங்க ஆயிரத்து இருநூறு. வெந்நீர் காலை ஏழு வரை மட்டும். முதுநகர்த் துறைமுகத்துக்கு மாலையில் போனபோது உப்பனாற்றில் படகுகள் நெருக்கமாக நின்றன. மீன்வாடையும் டீசல் வாடையும் கருவாட்டு வாடையும் கலந்திருந்தன. எங்கள் ஸ்டுடியோவில் இந்தக் கரையின் இரவுக் காட்சியை ஆரஞ்சு நிற விளக்கொளியில் முடித்து வைத்திருக்கிறோம். இருட்டியதும் பார்த்தால், ஆரஞ்சு எங்குமே இல்லை. சோடியம் விளக்குகளை எடுத்துவிட்டு எல்.இ.டி. போட்டுவிட்டார்கள், கரையும் படகும் ஐஸ் உடைக்கும் இடமும் நீலம் கலந்த வெள்ளையில் கிடந்தன. ஒரு பெட்டிக்கடையில் மட்டும் பழைய குண்டு பல்பு எரிந்துகொண்டிருந்தது. நான் பார்த்த அனிமேஷன் இரவுகளில் பெரும்பாலானவை இன்னும் அந்தப் பழைய ஆரஞ்சிலேயே இருக்கின்றன. ஒருவர் படத்தைப் பார்த்து மற்றவர் ஒளி போடுவதுதான் காரணம் என்று நினைக்கிறேன்.

கடைக்காரரிடம் அந்தப் பல்பை ஏன் மாற்றவில்லை என்று கேட்டேன். போனால் மாற்றலாம், போகவில்லையே என்றார். அந்தப் பெட்டிக்கடை படத்துக்குள் வரப்போகிறது.

ஜனவரி 24, சனி, கடலூர்

விடியற்காலை ஏலம். படகிலிருந்து கூடைகள் இறங்க இறங்க விலை ஏறுவதும் இறங்குவதும் எங்களுக்குப் புரியவேயில்லை. ஒரு மீன்கார அம்மா, "கண்ணு, பாவாடைய தூக்கிக் கட்டு, சேறு" என்று எச்சரித்துக்கொண்டே, தம் அலுமினியத் தட்டைச் சற்று நேரம் எங்களிடம் கொடுத்தார். அதில் வானத்தின் வெளிச்சம் பட்டு அவர் முகத்தின் கீழ்ப்பாதி பளிச்சிட்டதைச் சார்தான் முதலில் பார்த்தார். தெர்மாகோல் பிடித்தாற்போல் அவ்வளவு சரியாக விழுந்த அந்த ஒளியைத்தான் எங்கள் படத்தின் மீன்காரப் பாட்டிக்குப் போட இரண்டு மாதமாக முயன்றுகொண்டிருந்தேன்; கணினிப் பாட்டியின் கையில் நாங்கள் வைத்திருந்தது பிரம்புக் கூடை. அரைக் கிலோ இறால் இருநூற்றைம்பதுக்குக் கொடுத்தார். சமைக்க இடமில்லை என்றதும் பக்கத்துச் சாப்பாட்டுக் கடையில் அவரே சொல்லிவிட்டார். இறால் தொக்கு பிரமாதம். காரம் சாருக்கு ஒத்துக்கொள்ளவில்லை.

அறைக்குத் திரும்பி, மடிக்கணினியில் பாட்டியின் காட்சியிலிருந்த ஒன்பது விளக்குகளையும் அணைத்தோம். காலையில் எடுத்த வானத்தின் வெளிச்சத்தைப் போட்டு, கூடைக்குப் பதில் தட்டை வைத்து, பெட்டிக்கடையின் குண்டு பல்பைத் தொலைவில் ஓர் ஓரத்தில் எரியவிட்டோம். ஒரே ஒரு ஃபிரேம் ரெண்டர் ஆக, அதாவது கணினி அதை முழுப் படமாக ஆக்கித் தர, நாற்பது நிமிடம் எடுத்தது; அதற்கிடையே மின்சாரம் வேறு போய் வந்தது. பாட்டியின் கண்கள் நிழலில் இருந்தன, கன்னமும் மோவாயும் ஒளியில் இருந்தன. படத்தைத் தயாரிப்புத் தரப்புக்கு அனுப்பினோம்.

பதினைந்து நிமிடத்தில் தொலைபேசி வந்தது. கண் தெரியவில்லை, குழந்தைகளுக்குப் பாட்டியின் கண் தெரிய வேண்டும், ஒரு சின்ன விளக்கு மட்டும் போட்டுவிடுங்கள் என்றார்கள். சார் மறுக்கவில்லை. விளக்கு எதுவும் போட மாட்டேன், ஆனால் வசனத்தின் இரண்டாவது வரியில் பாட்டி தட்டைச் சற்றுச் சாய்ப்பார், அப்போது கண்ணில் வெளிச்சம் விழும், அதுவரை காத்திருக்க முடியுமா என்று கேட்டார். இயக்குநர் யோசித்துச் சொல்வார் என்று கூறி இணைப்பைத் துண்டித்தார்கள். திங்கட்கிழமை விடுமுறை என்பதால் செவ்வாய்க்கிழமை இரண்டு விதமாகவும் ரெண்டர் செய்து காட்ட வேண்டும். தட்டைச் சாய்க்கும் அசைவுக்கு அனிமேட்டரிடம் இன்றிரவே குறிப்பு அனுப்புகிறேன்.